பிணை பார்த்த முதலியார்

"காணாத சாமானுக்கு நான் இங்கிலீசு சொல்ற இல்ல."

இதைச் சொல்லும்போது முன்னால் நிற்பது யார் என்று அவர் பார்க்கமாட்டார். நீதவானாக இருந்தாலும் ஒன்றுதான், வாசலில் கச்சான் விற்கிற மனுசியாக இருந்தாலும் ஒன்றுதான். குரலை உயர்த்தவும் மாட்டார், தாழ்த்தவும் மாட்டார். மூக்குக்கண்ணாடியைக் கழற்றிச் சட்டைப்பையில் போட்டுவிட்டு, இனி நீங்களாச்சு என்று நிற்பார். அந்தக் கண்ணாடி கழன்றால் வழக்கு நின்றது என்று அர்த்தம். வழக்கு நின்றால் என் தட்டெழுத்து யந்திரமும் நிற்கும்.

எங்கள் பக்கத்தில் நீதிமன்ற மொழிபெயர்ப்பாளரை முதலியார் என்றுதான் சொல்வார்கள். வெள்ளைக்காரன் காலத்துப் பட்டம் அது, சாதியோடு அதற்குச் சம்பந்தமில்லை. எங்கள் முதலியார் சாய்ந்தமருதைச் சேர்ந்த முஸ்லிம். நான் காரைதீவுப் பெண். எழுபதுகளின் கடைசியில், கல்முனைக் கரையோரத்தில் ஓடு போட்ட ஒரு நீதிமன்றக் கட்டடத்தில், தட்டெழுத்தாளராக வேலைக்குச் சேர்ந்தபோது எனக்கு இருபத்திநாலு வயது. அவருக்கு நாற்பது தாண்டியிருக்கும். அப்போது இருந்த நீதவானுக்குத் தமிழ் தெரியாது. சாட்சி தமிழில் சொல்ல, முதலியார் அதை ஆங்கிலத்தில் சொல்ல, நான் தட்ட வேண்டும். ஆகவே நான் அந்த மனிதருக்காகக் காத்திருந்த நேரத்தையெல்லாம் சேர்த்துப் பார்த்தால், ஒரு பிள்ளையைப் பெற்றுப் பள்ளிக்கூடத்துக்கும் அனுப்பியிருக்கலாம்.

அவருடைய பெயரை நான் இங்கே எழுதவில்லை. இருந்திருந்தால், "என்னப் பத்தி எழுத நீங்க என்னத்தக் கண்டீங்க தங்கச்சி?" என்று கேட்டிருப்பார். கண்டதை மட்டும் எழுதுகிறேன்.

அவருடைய மேசை லாச்சியில், அந்த இழுப்பறைக்குள், கந்தோர்ச் சாமான் ஒன்றும் இருக்காது. காகிதம், பேனை, முத்திரை எல்லாம் மேசைக்கு மேலே. லாச்சிக்குள்ளே வலையில் கட்டுகிற மிதவைக் கட்டை ஒன்று, தறியில் ஓடுகிற நாடா ஒன்று, வண்டில் கடையாணி, எருமைக் கயிற்றுத் துண்டு, கறள் பிடித்த கதவுப் பிணைச்சல். ஒவ்வொன்றிலும் நூலால் ஒரு காகிதத் துண்டு கட்டியிருக்கும். அதில் சாமானின் பெயர், காட்டியவரின் பெயர், ஊர். இவை வழக்குப் பொருட்கள் அல்ல. அவற்றை அவர் விரலாலும் தொடமாட்டார். இதெல்லாம் வழக்கு முடிந்த பிறகு சாட்சிக்காரர்கள் கொண்டுவந்து கொடுத்தவை. ஒரு சாமானைக் கையில் வாங்கி, திருப்பிப் பார்த்து, எப்படி வேலை செய்கிறது என்று ஒருமுறை செய்து பார்த்தால்தான் அவருக்கு அந்தச் சொல் வாயில் வரும். அதுவரைக்கும் அகராதி சொன்னாலும் கேட்கமாட்டார். "அகராதி எழுதினவர் கண்டிரிப்பார். நான் காணல்லயே" என்பார்.

ஏன் இப்படி என்று அவரிடம் கேட்டவர்கள் பலர். அவர் ஒருவருக்கும் காரணம் சொன்னதில்லை.

இதனால் நல்லது மட்டும்தான் நடந்தது என்று சொன்னால் அது பொய். பாலமுனையிலிருந்து ஒரு மீன்காரர் சாட்சி சொல்ல வந்திருந்தார். கரைவலையின் ஒரு பாகத்துக்கு அவர் சொன்ன பெயரை முதலியார் கண்டதில்லை. கண்ணாடி கழன்றது. வழக்கு அடுத்த தவணைக்குப் போனது. கீரி மீன் கரைக்கு வந்த கிழமை அது. வாசலில் நின்று அந்த மனிதர் கத்தினார். "உங்கட இங்கிலீசுக்கு நான் கடலயும் விட்டுப்போட்டு வரணுமா? நானென்ன படிச்சுக் குடுக்கவா வந்த?" மறுநாள் விடியற்காலையில் முதலியார் பாலமுனைக் கடற்கரையில் அந்த மீன்காரரோடு நின்று கரைவலை இழுத்திருக்கிறார். அன்று மத்தியானம் கந்தோருக்கு வந்தபோது இரண்டு உள்ளங்கையிலும் கயிறு அறுத்த காயம். "இப்பத் தெரியும்" என்றார். எனக்கு அன்று அவர்மேல் எரிச்சல்தான் வந்தது. அவருடைய காயத்தால் அந்த மீன்காரரின் ஒரு நாள் திரும்பி வருமா?

பிணை என்ற சொல் அவரைப் பிடித்தது புயல் எங்கள் கூரைகளைக் கொண்டுபோன அடுத்த வருடம்.

நீதிமன்றத்தில் அந்தச் சொல் ஒரு நாளைக்கு நூறு தரம் அடிபடும். ஆளைப் பிணையில் விட்டார்கள், பிணை மறுத்தார்கள், பிணைக்கு ஆள் வரவில்லை. நானே தூக்கத்திலும் அதற்கு ஆங்கிலம் தட்டுவேன். அப்படியிருக்க, ஒரு வயல் வழக்கில் ஒரு போடியார், பெரிய வயல்காரர், சாட்சிக்கூண்டில் ஏறி, "ரெண்டு பிணை எருமை விட்டு மிதிச்சம்" என்றார். பின்னால் இருந்த எழுதுவினைஞர் சிரித்துவிட்டார். முதலியார் சிரிக்கவில்லை. கண்ணாடியைக் கழற்றினார்.

அடுத்த சனிக்கிழமை சைக்கிளில் போடியாரின் வயலுக்கே போய்விட்டார். திங்கட்கிழமை வந்து எனக்குச் சொன்ன கதை இது. சூடு மிதிக்கிற, அதாவது கதிரை மிதித்து மணி பிரிக்கிற களத்தில், எருமைகளைக் கழுத்தோடு கழுத்து சேர்த்துக் கட்டி வரிசையாகச் சுற்றவிட்டிருக்கிறார்கள். அந்த வரிசைதான் பிணை. இவர் களத்துக்குள் இறங்கி, கயிற்றைப் பிடித்துப் பார்த்து, சந்தோசத்தில், "இதில எவ்வளவு நெல்லு வரும் காக்கா?" என்று போடியாரை அண்ணன்முறை சொல்லிக் கேட்டிருக்கிறார். அவ்வளவுதான், எருமைகளைத் தவிர எல்லாரும் நின்றுவிட்டார்கள்.

"களத்துக்குள்ள நெல்லு எண்டு சொல்லப்படாதாம் தங்கச்சி. பொலி எண்டுதான் சொல்லணுமாம். நெல்லு எண்டா பறக்கத்து, விளைச்சலுக்குள்ள இரிக்கிற அருள், போயிருமாம். என்னய வரம்புக்கு வெளியால போய் நிக்கச் சொல்லிட்டாங்க."

"நல்லா ஏசினாங்களா?"

"நல்லா ஏசினாங்க. ஏசாட்டி எனக்கு இது தெரிஞ்சிரிக்காதே."

ஏச்சு வாங்கிவிட்டு இவ்வளவு பெருமையாக வந்த ஒருவரை நான் அதற்கு முன் கண்டதில்லை.

அன்று அவர் ஒரு கொப்பியில் ஒரு பக்கத்தின் தலையில் பிணை என்று எழுதினார். கீழே முதல் வரி, நீதிமன்றம். இரண்டாவது வரி, களம். தச்சுவேலைக்காரர் ஒருவர் நீதிமன்றக் கதவைத் திருத்த வந்தபோது, பலகையையும் நிலையையும் சேர்க்கிற பிணைச்சலைக் கழற்றிக் காட்டினார். மூன்றாவது வரி. ஒவ்வொரு வரிக்கும் வலது பக்கத்தில் காட்டியவரின் பெயர் வரும். காணாவிட்டால் வலது பக்கம் வெறுமையாக இருக்கும்.

அப்படி வெறுமையாக இருந்த வரிகளில் ஒன்று என் அப்பாவால் வந்தது. அப்பா இளைப்பாறிய தமிழ் வாத்தியார். முதலியார் ஒரு நாள் என்னோடு ஏதோ கோப்பு விசயமாகக் காரைதீவு வீட்டுக்கு வந்தவர், பிளேன்டியைக் குடித்துக்கொண்டு பிணையைப் பற்றிக் கேட்டார்.

"பிணை எண்டால் பெண் மான்" என்றார் அப்பா. "பழைய பாட்டெல்லாம் அப்படித்தான் சொல்லுது."

"ஐயா பார்த்திரிக்கீங்களா?"

"எத்தனையோ பாட்டில பார்த்திருக்கன்."

"பாட்டில இல்ல ஐயா. காட்டில."

அப்பா தேத்தண்ணிக் கோப்பையைக் கீழே வைத்தார். முதலியார் போன பிறகு என்னிடம், "அந்த மனுசனோட கதைச்சால் நான் நாப்பது வருசம் படிப்பிச்சது முழுக்கக் களவு மாதிரி இருக்கு பிள்ளை" என்றார். ஆனால் அடுத்த கிழமை, "முதலியார் மானைக் கண்டுட்டாராமா?" என்று அவர்தான் முதலில் கேட்டார். ஒரு வருடம் கழித்து, காட்டுப்பக்கத்து ஊர் ஒன்றில் ஒரு கலியாணத்துக்குப் போன இடத்தில், குளக்கட்டில் தண்ணீர் குடிக்க வந்த மானை முதலியார் கண்டார். கொம்பில்லை, ஆகவே பெண்தான் என்று பக்கத்தில் நின்றவரிடம் உறுதிப்படுத்திக்கொண்டு வந்து வரியை நிரப்பினார். காட்டியவர் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் என் அப்பாவின் பெயரை எழுதியிருந்தார். அப்பாவிடம் இதைச் சொன்னபோது அவர் வேட்டியை உதறிக் கட்டிக்கொண்டு வெளியே போய்விட்டார். சந்தோசம் வந்தால் அவர் அப்படித்தான்.

இன்னொரு வரி கடைசிவரை நிரம்பவேயில்லை. கல்லூரி இரசாயன ஆசிரியர் ஒருவர் ஒரு வழக்குக்குச் சாட்சியாக வந்தபோது, ஐதரசனும் ஒட்சிசனும் பிணைந்துதான் தண்ணீர் உண்டாகிறது, அதற்குப் பிணைப்பு என்று பெயர் என்று சொல்லிவிட்டார். பாவம், தெரியாமல் வாயைக் கொடுத்துவிட்டார். முதலியார் ஒரு மாதம் அவர் பின்னால் அலைந்தார்.

"காட்டுங்க எண்டன். காட்டேலா எண்டார். நீங்க கண்டீங்களா எண்டன். ஒருத்தரும் காணல்ல எண்டார். அப்ப எப்பிடி சேர் பிள்ளைகளுக்குச் சொல்றீங்க?"

"அவர் என்ன சொன்னார்?"

"வேற பக்கத்தால சைக்கிளைத் திருப்பிட்டார்."

இவ்வளவையும் நான் சொல்லிச் சிரித்திருக்கிறேன். கந்தோரில் எல்லாரும் சிரித்தோம். அவர் வழக்கை இழுத்தடிக்கிறார் என்று பிரக்கிராசிமார், அதாவது வக்கீல்மார், முறுமுறுத்தபோது நானும் தலையாட்டியிருக்கிறேன். அந்த மருதமுனை வழக்கு வரும்வரைக்கும்.

குற்றம் சாட்டப்பட்ட எதிரி, நாற்பதை ஒட்டிய ஒரு நெசவுக்காரப் பெண். முதலியார் அவரை ராத்தா, அதாவது அக்கா, என்று கூப்பிட்டதால் நானும் அப்படியே சொல்கிறேன். ராத்தா முன்பு ஒரு முதலாளியின் நெசவுசாலையில் தறி ஓட்டியவர். பிறகு விலகி, வீட்டிலேயே ஒரு தறி போட்டுக்கொண்டார். அவர் கடையில் விற்கக் கொடுத்த, இன்னும் வெட்டாத ஒரு முழுநீளச் சாரத் துணியைப் பொலிஸ் பிடித்தது. அது தன் சாலையில் நெய்த துணி, ராத்தா களவெடுத்துக்கொண்டு போய்விட்டார் என்று முதலாளி முறைப்பாடு. நூலும் ஒன்று, சாயமும் ஒன்று, கட்டமும் ஒன்று. மருதமுனையில் எல்லாரும் ஒரே இடத்தில்தானே நூல் வாங்குகிறார்கள். சாலையின் மேற்பார்வைக்காரர் கூண்டில் ஏறி, இந்தத் துணிக்கு நானே தறியில் பாவு நூல் பூட்டினேன் என்று சத்தியம் பண்ணினார். அவர் பொய் சொன்னாரா, உண்மையாகவே அப்படி நம்பினாரா, எனக்கு இன்றைக்கும் தெரியாது.

ராத்தாவுக்குப் புருசன் இல்லை. ஒரு மகள். அந்த மகளுக்கு நிக்காஹ் பேசி முடித்திருந்தார்கள். வழக்கு முடியட்டும், பிறகு பார்ப்போம் என்று மாப்பிள்ளை வீட்டார் ஆள் அனுப்பியிருந்தார்கள். கள்ளியின் மகள் என்ற பெயர் ஒரு தரம் ஒட்டினால், அந்த ஊரில் அதைக் கழுவ ஆளில்லை. பிரக்கிராசி பிடிக்க ராத்தாவுக்கு வழியில்லை. பிணைமுறியில் கையெழுத்துக்குப் பதில் பெருவிரலைத்தான் வைத்திருந்தார். எழுத்தறியாத பெண், தனியாள், எதிரே முதலாளியின் பிரக்கிராசியார். முடிவு எப்படி வரும் என்று எனக்குத் தெரியும்போல இருந்தது. நான் தாளைப் பூட்டிவிட்டு உட்கார்ந்திருந்தேன்.

சத்தியம் எடுப்பிப்பது முதலியாரின் வேலை. கையை உயர்த்தச் சொன்னார். ராத்தாவின் ஒரு கை முக்காட்டுக்குள்ளிருந்து வெளியே வந்து, பாதியில் நின்று, திரும்பவும் உள்ளே போனது. பிறகு மற்றக் கை வந்தது. நான் அதைக் கண்டேன், ஆனால் யோசிக்கவில்லை.

"இந்தத் துணி உங்களுடையது என்று எப்படிச் சொல்கிறீர்கள்?" என்று கேட்டார்கள்.

"தலைப்பில எண்ட பிணை இரிக்கி ஐயா. ஆயிரம் பேர்ர பிணைக்குள்ள கலந்து போட்டாலும் எண்டத நான் பொறுக்கி எடுப்பன்."

பிரக்கிராசியார் எழும்பினார். "பிணையில வந்த ஆள் பிணையைப் பற்றித்தான் கதைக்கும்" என்றார். சனம் சிரித்தது.

முதலியார் கண்ணாடியைக் கழற்றினார்.

இந்தப் பெண்ணின் வழக்கிலுமா? அவர் நீதவானைப் பார்த்து ஆங்கிலத்தில் சொன்னார். "ஐயா, சாட்சி சொன்ன சொல்லை எனக்கு வேறு தொழில்களில் தெரியும். நெசவில் தெரியாது. நெசவில் நான் கண்டதில்லை. செய்து காட்டினால் மொழிபெயர்க்கிறேன்."

"முடிச்சு என்று போடலாமே" என்றார் பிரக்கிராசியார். "எதற்கு நேரத்தை வீணாக்க வேண்டும்?"

முதலியார் ராத்தாவின் பக்கம் திரும்பினார். "ராத்தா, இது முடிச்சா?"

"இல்ல. முடிச்சுப் போட்டா அச்சுப் பல்லுக்குள்ளால நூல் போகாது. பழைய பாவுட நுனியும் புதுப் பாவுட நுனியும் சேர்த்து விரலால முறுக்கிறது. முடிச்சே வராது."

"முடிச்சு என்று நான் சொன்னால் அது பிழையாகிவிடும் ஐயா" என்றார் முதலியார் நீதவானிடம். நீதவானும் எத்தனையோ தரம் அந்தக் கண்ணாடி கழன்றதைப் பார்த்தவர். செய்து காட்டட்டும் என்றார்.

வெளியே நின்ற மருதமுனை ஆட்களில் ஒருவரிடம் அன்றைக்கு வாங்கிய நூல் கழி இருந்தது. அதிலிருந்து கொஞ்சம் எடுத்துக் கூண்டின் சட்டத்தில் கட்டினார்கள். ராத்தா வலது கையால் இரண்டு நுனியைப் பிடித்தார். முறுக்கினார். விட்டதும் பிரிந்தது. திரும்பவும் முறுக்கினார், திரும்பவும் பிரிந்தது. நெற்றியிலிருந்து வேர்வை இறங்கியது. மூன்றாந்தரமும் பிரிந்தபோது பிரக்கிராசியார், "ஆயிரத்துக்குள்ள பொறுக்கி எடுக்கிற கை இதுதானா?" என்றார். வாசலில் மகள் நின்றாள். அவள் தலையைக் குனிந்துகொண்டாள்.

அப்போதுதான் முதலியார் அதைச் சொன்னார். சத்தம் போடாமல், பக்கத்து வீட்டுக்காரியிடம் சொல்வதுபோல.

"ராத்தா, ஊட்டில செய்ற மாதிரிச் செய்ங்க. இஞ்ச ஒருத்தரும் சோறு தின்னல்ல."

சொல்லிவிட்டு உடனே நீதவானின் பக்கம் திரும்பி, தான் சொன்னதைச் சொல்லுக்குச் சொல் ஆங்கிலத்தில் சொன்னார். இங்கே ஒருவரும் சோறு சாப்பிடவில்லை என்பதையும் சேர்த்துத்தான். நீதவான் புருவத்தை உயர்த்தினார். நான் அதையும் தட்டினேன். அந்தக் கட்டடத்தில் வேறு எந்த நாளிலும் அப்படி ஒரு வசனத்தை நான் தட்டியதில்லை.

ராத்தா அவரைப் பார்த்தார். பிறகு வாசலில் நின்ற மகளைப் பார்த்தார். இடது கையை முக்காட்டுக்குள்ளிருந்து வெளியே எடுத்தார்.

எங்கள் பக்கத்தில் இடது கையால் சோறு தின்னமாட்டார்கள், ஒரு சாமானை நீட்டினாலும் வாங்கமாட்டார்கள். சின்ன வயதில் என் தம்பி இடது கையால் பென்சில் பிடித்ததற்கு அப்பாவே அடித்திருக்கிறார். ராத்தா நாற்பது வருடமாக அந்தக் கையை மறைத்து வைத்திருந்தார். நெசவுசாலையில் பாவு பூட்டுவது மேற்பார்வைக்காரரின் வேலையாக இருந்தபடியால் அங்கே ஒருவரும் கண்டதில்லை. வீட்டில், திரைக்குப் பின்னால், மகள் மட்டும் கண்டிருக்கிறாள். களவு என்று கூண்டில் ஏற்றிய பிறகும், நான் இடக்கைக்காரி என்று வாயால் சொல்ல அவருக்கு முடியவில்லை.

அந்தக் கை நூலைத் தொட்டதும் நான் தட்டுவதை நிறுத்திவிட்டேன். பெருவிரலும் சுட்டுவிரலும் ஒரு உருட்டு, ஒரு மடிப்பு, அடுத்த நூல். ஒரு உருட்டு, ஒரு மடிப்பு, அடுத்த நூல். விரல்களை அவர் பார்க்கவேயில்லை. நீதவானைப் பார்த்துக்கொண்டே செய்தார். நான் மூச்சு விட்டுப் பார்ப்பதற்குள் பத்துப் பன்னிரண்டு முடிந்திருந்தது. முதலியார் குனிந்து ஒவ்வொன்றையும் இழுத்துப் பார்த்தார். ஒன்றும் பிரியவில்லை. எல்லாவற்றின் நுனியும் ஒரே பக்கம், இடது பக்கம் சாய்ந்து கிடந்தது.

நீதவான் ஆசனத்திலிருந்து இறங்கி வந்தார். அவர் கையில் எழுத்தைப் பெரிதாக்கிப் பார்க்கிற கண்ணாடி இருந்தது. வழக்குத் துணியின் தலைப்பை விரிக்கச் சொன்னார். நெய்யாமல் விட்ட நாலு விரல் அகலத்தில் வரிசையாகப் பிணைகள். அத்தனையும் இடது பக்கம். மேற்பார்வைக்காரரைக் கூப்பிட்டு அதே நூலில் செய்யச் சொன்னார். அவர் நல்ல வேலைக்காரர், மளமளவென்று செய்தார். அவருடைய நுனிகள் எல்லாம் வலது பக்கம் சாய்ந்தன. அவரே அதைக் குனிந்து பார்த்தார். பிறகு முதலாளி இருந்த பக்கம் பார்க்காமல் இறங்கிப்போய்விட்டார்.

முதலியார் சட்டைப்பையிலிருந்து கண்ணாடியை எடுத்துப் போட்டுக்கொண்டார். "இப்போது மொழிபெயர்க்கிறேன் ஐயா" என்றார். ஒரே சொல்லாக அல்ல, ஒரு நீண்ட வசனமாகச் சொன்னார். இரண்டு நூல் நுனிகளை முடிச்சில்லாமல், விரலின் முறுக்கினால் மட்டும் ஒன்றாக்குவது, அது செய்தவரின் கையைக் காட்டும் என்று. நான் ஒரு எழுத்துக்கூடப் பிழையில்லாமல் தட்டினேன்.

அன்று பின்னேரம் பிரக்கிராசியார் எங்கள் அறைக்கு வந்தார். "முதலியார், நீர் மொழிபெயர்ப்பாளரா, எதிரியின் சட்டத்தரணியா?"

"நான் சொன்னதில ஒரு சொல்லுப் பிழை எண்டா எழுதித் தாங்க. நானே கொண்டுபோய் நீதவான்ட மேசையில வைக்கிறன்."

அவர் எழுதித் தரவில்லை. அவர் போன பிறகு நான் முதலியாரிடம் கேட்டேன்.

"சத்தியம் எடுக்கேக்க அந்தக் கையை நீங்க கண்டதுதானே?"

"ஓம், கண்டன்."

"அப்ப சொல்லுக்காகக் கேட்டதா, அவவுக்காகக் கேட்டதா?"

அவர் கூண்டில் கட்டியிருந்த நூலைக் கேட்டு வாங்கி வந்திருந்தார். அதை லாச்சிக்குள் வைத்துப் பூட்டினார். "தங்கச்சி, அவ இடக்கைக்காரி எண்டு நான் சொன்னா அது எண்ட சாட்சி. அவ செஞ்சு காட்டினா அது அவட சாட்சி. என்னத்த நீதவான் நம்புவார்?"

கேட்ட கேள்விக்கு இது பதில் இல்லை என்று எனக்கு அப்போதே தெரியும். ஆனால் அதற்கு மேல் கேட்க எனக்கு மனம் வரவில்லை. இத்தனை நாளும் அவருடைய பிடிவாதத்தைச் சிரித்துக் கழித்த எனக்கு, அந்த அறையில் அவருக்கு எதிரே ஒரு மேசை கிடைத்ததே பெரிய காரியம் என்று பட்டது. இப்போதும் அப்படித்தான் படுகிறது. எங்கெல்லாமோ வேலை பார்த்துவிட்டேன், யார் யாரோ பெரியவர்களுக்குத் தட்டியிருக்கிறேன். எங்கே வேலை பார்த்தாய் என்று கேட்டால், அந்த முதலியாரோடு வேலை பார்த்தேன் என்றுதான் முதலில் சொல்கிறேன்.

ராத்தா விடுதலையானார். அந்தக் கிழமையே மாப்பிள்ளை வீட்டார் வந்து நாள் வைத்துவிட்டார்கள் என்று கேள்விப்பட்டோம். ஒரு மாதம் கழித்துத் துணியைத் திருப்பி எடுக்க ராத்தா மகளோடு கந்தோருக்கு வந்தார். கூட மருதமுனை ஆட்களும் நாலைந்து பேர் வந்து வாசலில் நின்றார்கள். பொருட்களைத் திருப்பிக் கொடுக்கிற பதிவுப் புத்தகம் என் பொறுப்பில் இருந்தது. பழைய பிணைமுறியை நினைத்து, நான் மைப்பெட்டியைத் திறந்து பெருவிரலுக்காக முன்னால் தள்ளினேன்.

ராத்தா மைப்பெட்டியைத் தொடவில்லை. "பேனையத் தாங்க மகள்" என்று என்னிடம் கேட்டார்.

கொடுத்தேன். வலது கையால் வாங்கினார். பிறகு பேனையை இடது கைக்கு மாற்றி, வாசலில் நின்ற ஆட்கள் பார்த்துக்கொண்டிருக்கத் தன் முழுப்பெயரையும் எழுதினார். கோணலில்லாத, வட்டமான, அழகான எழுத்து. வாப்பா வீட்டில் மறைவாக எழுதிப் பழகினாராம். கலியாணப் பதிவிலிருந்து பிணைமுறி வரைக்கும் எல்லா இடத்திலும் பெருவிரலையே வைத்து வந்தவர்.

முதலியார் தன் மேசையிலிருந்து எழும்பி வந்தார். புத்தகத்தைத் தன் பக்கம் திருப்பி, கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு, மை காயும்வரை அந்த எழுத்தைப் பார்த்தார். பிறகு நீதிமன்றத்தில் வழக்குக் கூப்பிடுகிற அதே குரலில், அந்தப் பெயரை ஒரு தரம் உரக்க வாசித்தார்.

"ஓம்" என்றார் ராத்தா, "நான்தான்."